டிராகன் வேட்டையைவிட வீட்டு வாடகை மேல்

ஃபேபிள் 2 கேமை இரண்டு நாள் தொடாமல் விட்டுவிட்டு மறுபடி போட்டேன். சேவ் ஏறி முடிந்ததும் திரையில் ஒரு சின்னத் தகவல்: நீங்கள் இல்லாத நேரத்தில் உங்கள் சொத்துகள் இவ்வளவு தங்கம் சம்பாதித்திருக்கின்றன. அந்தத் தொகை, அதற்கு முந்தின முழு வாரமும் நான் கொள்ளையர்களை வெட்டி, குகை குகையாகப் புகுந்து, பெட்டி பெட்டியாகத் திறந்து சேர்த்ததைவிட அதிகம். என்னிடம் இருந்ததோ ஒரு கடையும் இரண்டு வீடும்தான். அதுவரை வீடு வாங்குவதெல்லாம் அழகுக்காக வைத்திருக்கும் ஒரு பொழுதுபோக்கு என்றுதான் நினைத்திருந்தேன்.

இப்படிக் கற்பனை உலகில் வீரனாகச் சுற்றும் கேம்களுக்குப் புதிதாக வந்தவர்கள் பெரும்பாலும் இதே தப்பைத்தான் செய்கிறார்கள். கையில் நாலு காசு சேர்ந்ததும் நேராக ஆயுதக் கடைக்குப் போய் வாள் வாங்குவது, அப்புறம் கவசம், அப்புறம் மருந்து, மறுபடி கை காலி. வாளுக்குப் போட்ட காசு வாளோடு போயிற்று. அதே காசை ஒரு கடையில் போட்டிருந்தால் கொஞ்ச நேரத்தில் அந்த வாளையும் அதுவே வாங்கிக் கொடுத்திருக்கும். சும்மா வரும் வருமானம் என்பது இவ்வளவுதான்: ஒரு முறை காசு போட்டு ஒன்றை வாங்குகிறீர்கள், அதற்குப் பிறகு நீங்கள் வேறு வேலையைப் பார்த்துக்கொண்டிருக்கும்போதே அது காசு கொண்டுவந்து கொட்டிக்கொண்டே இருக்கும். வீடு என்றால் வாடகை, கடை என்றால் லாபம், கோட்டை என்றால் வரி. பெயர்தான் வேறு.

ஆனால் எல்லா கேமிலும் வீடு என்றால் வருமானம் என்று நினைத்துவிடாதீர்கள். ஸ்கைரிம் என்ற கேமில் வைட்ரன் ஊரில் பிரீஸ்ஹோம் என்ற வீட்டை 5,000 தங்கம் கொடுத்து வாங்கலாம், வாங்கியும் இருப்பீர்கள், அது ஒரு காசு தராது. நாற்காலி மேசை போட வேண்டுமென்றால் அதற்கும் தனியாக நீங்கள்தான் கொடுக்க வேண்டும். சாமான் போட்டுவைக்க, தூங்க, அவ்வளவுதான் அந்த வீடு. யானையைக் கட்டித் தீனி போடுகிற கதை. அதே கேமில் உண்மையான சும்மா வருமானம் எங்கே ஒளிந்திருக்கிறது தெரியுமா? கல்யாணத்தில். ரிஃப்டன் ஊரில் மராமல் என்ற பூசாரியிடம் 200 தங்கத்துக்கு மாரா என்ற தெய்வத்தின் தாயத்தை வாங்கிக் கழுத்தில் போட்டு, யாரையாவது திருமணம் செய்துகொண்டால், துணைவரோ துணைவியோ ஒரு கடை போட்டு, நாளுக்கு 100 தங்கம் உங்கள் பங்காகக் கொடுப்பார். அதாவது 200 போட்டு, இரண்டே நாளில் முதல் கைக்கு வந்துவிடுகிறது. இப்படிக் கணக்குப் பார்த்துக் கல்யாணம் செய்துகொள்வது கொஞ்சம் கேவலமாகத்தான் இருக்கிறது, நான் செய்தேன்.

சரி, நாளுக்கு 100 என்றால் அது நிறையவா, கொஞ்சமா? இங்கேதான் விஷயமே இருக்கிறது. யாருடைய நாள்? கேமுக்குள் ஓடும் நாளா, உங்கள் சுவரில் ஓடும் கடிகாரத்தின் நாளா? ஸ்கைரிமில் கேம் கடிகாரம் நம் கடிகாரத்தைப்போல 20 மடங்கு வேகமாக ஓடும், அதாவது அங்கே ஒரு முழு நாள் இங்கே 72 நிமிடம். அப்படியானால் 100 தங்கம் என்பது 72 நிமிட விளையாட்டுக்கான கூலி, ஒரு குகைக்குள் பத்து நிமிடம் புகுந்து வந்தாலே அதைவிட அதிகம் கிடைக்கும். ஆனால் அங்கே ஒரு குறுக்கு வழி இருக்கிறது: காத்திரு என்று ஒரு பொத்தான், அதை அழுத்தினால் சில விநாடிகளில் 24 மணி நேரம் ஓடிவிடும். நேரத்தைத் தாண்டிக் குதிக்க முடிகிற கேமில் நாள் கணக்கில் வரும் வருமானத்துக்கு உண்மையில் ஒரே ஒரு எல்லைதான், அது உங்கள் பொறுமை. அதனாலேயே அந்தக் கேமை உருவாக்கியவர்கள் தொகையைச் சின்னதாக வைத்திருக்கிறார்கள் என்பது என் கணிப்பு.

ஃபேபிள் 2 இதற்கு நேர் எதிர். அங்கே வாடகை ஐந்து நிமிடத்துக்கு ஒரு முறை வரும், அந்த ஐந்து நிமிடம் உங்கள் வீட்டுக் கடிகாரத்தின் ஐந்து நிமிடம். கேமை மூடினாலும் கணக்கு நிற்காது, மறுபடி திறக்கும்போது மொத்தமாக வரவு வைத்துவிடும். கன்சோலின் தேதியை முன்னே தள்ளிவைத்துவிட்டுக் கேமைத் திறந்தால் வருடக்கணக்கான வாடகை ஒரே அடியில் வந்து விழும் என்று ஒரு தந்திரம் அப்போதே பரவிவிட்டது. செய்து பார்க்கலாம், யாரும் அடிக்க வரமாட்டார்கள். ஆனால் ஒரு முறை செய்துவிட்டால் அதற்குப் பிறகு கேமில் வாங்க வேண்டும் என்று ஆசைப்பட எதுவுமே மிச்சம் இருக்காது.

மூன்றாவதாக ஒரு கடிகாரமும் உண்டு. பில்லர்ஸ் ஆஃப் எடர்னிட்டி என்ற கேமில் கெய்ட் நுவா என்ற பாழடைந்த கோட்டை உங்கள் கைக்கு வரும், அதைச் செப்பனிட்டால் சுற்றுப்புறத்திலிருந்து வரி வரும். அங்கே நிமிடமும் இல்லை, நாளும் இல்லை, நீங்கள் குவெஸ்ட்களை, அதாவது கேம் தரும் பணிகளை, முடிக்க முடிக்கத்தான் கோட்டையின் கணக்கு ஒவ்வொரு சுற்றாக நகரும். சும்மா உட்கார்ந்தால் ஒன்றும் நடக்காது. எனக்கு மிகவும் பிடித்த ஏற்பாடு இதுதான், சோம்பேறிக்கு வழியே கிடையாது.

ஆகவே ஒரு புதுக் கேமில் சொத்து வாங்கும் வசதி இருப்பது தெரிந்தால் விலையைப் பார்க்கும் முன்னால் கடிகாரத்தைப் பாருங்கள்.

அடுத்தது, போட்ட காசு திரும்பும் நேரம். இதற்குப் பெரிய கணக்கெல்லாம் வேண்டாம், விலையை வாடகையால் வகுத்தால் போதும். உதாரணத்துக்கு, 2,000 தங்கம் விலையுள்ள ஒரு குடிசை ஐந்து நிமிடத்துக்கு 40 தருகிறது, 12,000 விலையுள்ள ஒரு மாளிகை 150 தருகிறது என்று வைத்துக்கொள்வோம். பார்த்தவுடனே மாளிகைதான் கண்ணை இழுக்கும், 150 பெரிசு, 40 சின்னது. வகுத்துப் பாருங்கள். குடிசைக்கு 50 சுற்று, அதாவது 250 நிமிடத்தில் போட்ட காசு திரும்பிவிடும். மாளிகைக்கு 80 சுற்று, 400 நிமிடம். அந்த 12,000-க்கு ஆறு குடிசை வாங்கினால் சுற்றுக்கு 240 வருகிறதே! ஆரம்பத்தில் மலிவானவற்றை வளைத்துப்போடுவது, மலிவானவை எல்லாம் தீர்ந்தபிறகு மாளிகைக்குப் போவது, அதுதான் வரிசை. ஃபேபிள் 2-வில் பவர்ஸ்டோன் சந்தைக்குப் போனால் முதலில் கண்ணில் படுகிற தள்ளுவண்டிக் கடைகள் இந்த வேலைக்கு அருமையானவை. கடையை வாங்கிவிட்டால் அதே கடையில் உங்களுக்கே விலை குறையும் என்பது கூடுதல் லாபம்.

வந்த வாடகையைச் செலவழிக்காமல் அடுத்த சொத்தில் போடுவதுதான் இதில் எல்லாவற்றையும் மாற்றுகிற விஷயம். ஒரு சொத்து ஐந்து மணி நேரத்தில் தன் விலையைத் திருப்பித் தருகிறது என்றால், வருவதை வரவரத் திரும்பப் போட்டுக்கொண்டே இருந்தால் உங்கள் வருமானம் இரட்டிப்பாக ஐந்து மணி நேரம்கூடத் தேவையில்லை, சுமார் மூன்றரை மணி நேரம் போதும். அடுத்த மூன்றரை மணி நேரத்தில் அதுவும் இரட்டிப்பு. நிஜத்தில் இவ்வளவு சுத்தமாக நடக்காது, ஏனென்றால் அரை வீடு வாங்க முடியாது, ஒரு முழு வீட்டுக்கான காசு சேரும்வரை பணம் பையில் தூங்கும். ஆனாலும் போக்கு இதுதான். அதனால் முதல் சொத்தை முதல் மணி நேரத்தில் வாங்கியவருக்கும் பத்தாவது மணி நேரத்தில் வாங்கியவருக்கும் கடைசியில் மலைக்கும் மடுவுக்குமான வித்தியாசம் வந்துவிடும்.

முதல் சொத்துக்கான காசை எங்கே பிடிப்பது? வேலை பார்த்துத்தான். ஃபேபிள் 2-வில் கொல்லன் வேலை இருக்கிறது. ஒரு பட்டையில் முள் ஓடிக்கொண்டிருக்கும், அது பச்சைப் பகுதிக்குள் வரும்போது பொத்தானைத் தட்ட வேண்டும், தட்டினால் சம்மட்டி அடி விழும். தொடர்ந்து தவறாமல் அடித்தால் கூலியின் பெருக்கு எண் ஏறும், ஏற ஏற ஆட்டமும் கடுமையாகும், ஒரே ஒரு அடி தவறினால் பெருக்கு எண் போய்விடும். முதல் பத்து நிமிடம் வேடிக்கையாக இருக்கும், அரை மணி நேரத்தில் கண் எரியும், கைகூட வலிக்கும். ஆனால் அந்த ஒரு மணி நேரக் கூலியை அப்படியே ஒரு கடையில் போட்டுவிட்டால் அதற்குப் பிறகு சம்மட்டியைத் தொட வேண்டிய அவசியமே வராது. ஃபேபிள் 3-ல் கொல்லன் வேலையோடு யாழ் வாசிப்பதும் பை என்ற பேக்கரிப் பண்டம் சுடுவதும் உண்டு. மூன்றில் எது கைக்கு வருகிறதோ அதைப் பிடித்துக்கொள்ளுங்கள், ஒன்றைவிட ஒன்று உசத்தி என்று சண்டை போட எனக்குத் தெம்பில்லை.

சும்மா வருமானத்தை அரித்துத் தின்னும் விஷயங்களும் உண்டு. ஃபேபிள் 3-ல் வாடகைக்கு விட்ட வீடு பழசாகிக்கொண்டே போகும், அவ்வப்போது காசு கொடுத்துப் பழுதுபார்க்க வேண்டும், கவனிக்காமல் விட்டால் ஒரு கட்டத்தில் குடியிருப்பவர் வாடகை தருவதை நிறுத்திவிடுவார். நியாயம்தானே, ஒழுகுகிற வீட்டுக்கு யார் வாடகை தருவார்கள். கடைகளுக்கு இந்தத் தொல்லை கிடையாது, வாங்கிப் போட்டால் போட்டதுதான். அதனால் அந்தக் கேமில் கையில் உள்ள பணத்தில் கடை, வீடு இரண்டும் வாங்க முடியும் என்ற நிலை வந்தால் நான் கண்ணை மூடிக்கொண்டு கடையைத்தான் சொல்வேன். ஒரு விஷயம், ஃபேபிள் 3-ல் வீடு வாங்கும் உரிமையே ஆரம்பத்தில் இருக்காது. ஆட்சிப் பாதை என்ற இடத்தில் கில்டு முத்திரைகள் என்ற புள்ளிகளைக் கொடுத்துத் திறக்கும் பெட்டிகளில் ஒன்றில் வீட்டுரிமையும் இன்னொன்றில் கடை உரிமையும் இருக்கும். வாள் வித்தை, மந்திர வித்தை பெட்டிகள் பளபளவென்று கூப்பிடும், அவற்றைக் கொஞ்சம் தள்ளிவைத்துவிட்டு முதலில் இவற்றைத் திறங்கள்.

கெய்ட் நுவாவில் அரிப்பு வேறு விதம். கோட்டையின் கௌரவம் ஏறினால் வரி ஏறும், ஆனால் காவல் குறைவாக இருந்தால் வழியிலேயே கொள்ளையர்கள் ஒரு பங்கை அடித்துக்கொண்டு போய்விடுவார்கள். அலங்காரத் தோட்டத்தைக் கட்டிவிட்டு மதில் சுவரைக் கட்டாமல் விட்டவர்களின் கதி அது. ஃபேபிள் 2-விலோ கேம் உங்கள் குடும்பத்தையே செலவுக் கணக்கில் வைத்திருக்கிறது. கல்யாணம் செய்துகொண்டால் குடும்பச் செலவு உங்கள் பையிலிருந்து தானாகப் போகும். ஸ்கைரிமில் கல்யாணம் வரவு, இங்கே செலவு.

வாடகையை ஏற்றினால் என்ன? எல்லோருக்கும் வருகிற ஆசைதான். ஃபேபிள் 2 வாடகையையும் கடை விலையையும் இஷ்டத்துக்கு ஏற்றவும் இறக்கவும் விடும். ஏற்றினால் பணம் அதிகம் வரும், கூடவே உங்கள் கதாபாத்திரத்தின் மனம் கெட்டுக்கொண்டே போகும், அது முகத்திலும் தெரிய ஆரம்பிக்கும். இறக்கினால் பணம் குறையும், முகம் தெளியும். இதில் நல்லவனாக இருங்கள் என்று நான் உபதேசம் செய்யப் போவதில்லை. கணக்காக மட்டும் பார்த்தால், ஆரம்பத்தில் சொத்து கொஞ்சமாக இருக்கும்போது ஏற்றிவைத்து வேகமாகப் பெருக்கிக்கொண்டு, பின்னால் சொத்து குவிந்தபிறகு எல்லாவற்றையும் இறக்கி முகத்தைக் கழுவிக்கொள்ளலாம். கேம் இதை அனுமதிக்கிறது. கொஞ்சம் அசிங்கமாகத்தான் இருக்கும், குறிப்பாகப் பழைய பாவத்தைத் தள்ளுபடி வாடகையில் துடைக்கிறோம் என்று புரியும்போது.

அதே கேமில் இன்னொரு நுணுக்கம்: ஊரின் பொருளாதாரத்துக்கும் நட்சத்திரக் கணக்கு உண்டு. நீங்கள் அந்த ஊரில் வாங்கி விற்றால் ஊர் செழிக்கும், திருடினாலோ ஆளைக் கொன்றாலோ ஊர் சரியும், சரிந்தால் வீட்டு விலையும் சரியும். இதை வைத்து முதலில் ஊரைக் கெடுத்து அடிமாட்டு விலைக்கு வீடுகளை வாங்கி, பிறகு ஊரைத் தூக்கிவிட்டு லாபம் பார்க்கிறவர்கள் இருக்கிறார்கள். வேலை அதிகம், பழி அதிகம், எனக்கு ஒத்துவரவில்லை.

இந்தக் கணக்கெல்லாம் உண்மையிலேயே உயிர்ப் பிரச்சினையாக மாறுவது ஃபேபிள் 3-ல். பாதிக் கதையில் நீங்கள் அரியணை ஏறிவிடுவீர்கள், அப்போதுதான் தெரியும், இன்னும் 365 நாளில் ஒரு பேரழிவு வரப்போகிறது, நாட்டைக் காப்பாற்றக் கருவூலத்தில் 65 லட்சம் தங்கம் வேண்டும். ஒரு தங்கத்துக்கு ஓர் உயிர் என்று நேரடிக் கணக்கு. கொடுத்த வாக்கைக் காப்பாற்றினால் கருவூலம் கரையும், வாக்கை மீறினால் நிரம்பும். அநாதை இல்லத்தைச் சரிசெய்வதா, அதை விபசார விடுதியாக மாற்றுவதா? பவர் லேக் ஏரியை அப்படியே விடுவதா, நீரை வடித்துவிட்டுச் சுரங்கம் தோண்டுவதா? பெரும்பாலும் நல்ல முடிவு செலவு, கெட்ட முடிவு வரவு. பார்க்கிறவருக்கு இரண்டில் ஒன்று என்றுதான் தோன்றும், நல்ல ராஜாவாக இருந்து மக்களைச் சாக விடுவது, இல்லையென்றால் கொடுங்கோலனாக இருந்து உயிர்களைக் காப்பாற்றுவது.

மூன்றாவது வழி வாடகை. உங்கள் சொந்தப் பணத்தைக் கருவூலத்துக்கு மாற்றலாம். அப்படியென்றால் எல்லா வாக்கையும் காப்பாற்றிவிட்டு, பள்ளத்தைச் சொந்தக் காசால் நிரப்பிவிடலாம். எவ்வளவு நேரம் ஆகும்? உங்கள் சொத்தெல்லாம் சேர்ந்து ஐந்து நிமிடத்துக்கு 25,000 தருகிறது என்று வைத்துக்கொண்டால், 65 லட்சத்துக்கு 260 சுற்று, 21 மணி 40 நிமிடம். அரியணை ஏறியபிறகு வீடு வாங்க ஆரம்பித்தவருக்கு இது மலை. முதல் ஊரிலிருந்தே வாங்கிக்கொண்டு வந்தவருக்கு இதில் பாதி அவர் கதையை விளையாடும்போதே சேர்ந்திருக்கும். இங்கே கேம் மூடியிருக்கும்போது வாடகை ஓடாது, அதனால் கன்சோலை இரவு முழுக்க ஓட விட்டு, கன்ட்ரோலர் தூங்கிப் போகாமல் இருக்க அதன் குச்சியில் ரப்பர் பேண்ட் மாட்டி வைத்தவர்கள் ஏராளம். நானும் அந்தக் கூட்டம்தான்.

ரப்பர் பேண்ட் மாட்டியது இரண்டாம் முறை ஆடும்போது, சொல்ல வேண்டும். முதல் முறை நான் விழுந்தது 121 என்ற எண்ணில். நாட்கள் எப்படிக் குறைகின்றன என்றால், ஒரு நாள் கழித்து ஒரு நாள் அல்ல, ஒவ்வொரு கட்ட முடிவுகளும் முடிந்ததும் எண்ணிக்கை ஒரேயடியாகக் குதிக்கும். திரையில் 121 நாள் மிச்சம் என்று பார்த்தேன். நிறைய நேரம் இருக்கிறது, இந்த முடிவுகளையும் முடித்துவிட்டு ஆற அமர வாடகை சேர்த்துப் போடலாம் என்று நினைத்தேன். அந்தக் கட்டத்தை முடித்தேன். அவ்வளவுதான், எண் 121-லிருந்து நேராகக் கடைசி நாளுக்குப் போய்விட்டது. என் பையில் லட்சக்கணக்கில் தங்கம் இருந்தது, கருவூலத்தில் இல்லை, மாற்றவே இல்லை. சண்டை முடிந்து ஊருக்குள் போனேன். நான் மாய்ந்து மாய்ந்து வாங்கிய கடைகள் அப்படியே நின்றன, தெருவில் மட்டும் ஆள் நடமாட்டம் இல்லை.

அதனால் இந்தக் கேமை இப்போது ஆரம்பிக்கிறவர்கள் ஒன்றை மட்டும் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். 121 என்ற எண்ணைப் பார்த்ததும் முக்கியக் கதையை அப்படியே நிறுத்திவிடுங்கள். அந்த எண்ணுக்கும் உங்கள் கடிகாரத்துக்கும் சம்பந்தமே இல்லை, அது நீங்கள் அடுத்த அடி வைக்கும்வரை வருடக்கணக்கில் 121-லேயே நிற்கும். ஊர் சுற்றுங்கள், பழுதான வீடுகளைச் சரிசெய்யுங்கள், மிச்சக் குவெஸ்ட்களை முடியுங்கள், இல்லையென்றால் ரப்பர் பேண்ட். 65 லட்சம் சேர்ந்ததும் முதல் வேலையாகக் கருவூலத்துக்குப் போய் மாற்றிவிட்டு, கணக்குப் புத்தகத்தில் எண் ஏறியிருக்கிறதா என்று ஒரு முறைக்கு இரண்டு முறை பாருங்கள். அப்புறம் போய் அரியணையில் உட்காருங்கள்.